பருவம் இல்லாத ஊரில் ஒரு கல்செடி

(சுங்கை வேயில் தோட்ட ஆர்வலர்களும் மாணவர்களும் கூடிய அரங்கில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இந்த மேசைமேல் ஒரு மண்சட்டி இருக்கிறது. முன்வரிசையில் இருப்பவர்கள் எட்டிப் பார்க்கலாம். என்ன தெரிகிறது? கூழாங்கல் தெரிகிறது. பழுப்பில் சில, சாம்பல் நிறத்தில் சில, செம்மண் நிறத்தில் சில. எல்லாம் கல்தானா? உற்றுப் பாருங்கள். அவற்றில் ஐந்து மட்டும் கல் அல்ல. அந்த ஐந்துக்கும் வேர் உண்டு, இலை உண்டு, காலம் வந்தால் பூவும் உண்டு. ஆளுக்கு ஐம்பது சென் காசு அளவுதான் இருக்கும். ஆனால் இவற்றுக்குத் தெரிந்த வித்தை பெரியது.

லித்தோப்ஸ் என்பது இதன் தாவரவியல் பெயர். நம் வசதிக்குக் கல்செடி என்றே சொல்லிக்கொள்வோம். 2020 மார்ச் மாதம் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்து நாம் எல்லாரும் வீட்டுக்குள் முடங்கினோமே, அப்போது கிள்ளான் பள்ளத்தாக்கில் செடி வளர்க்கும் ஆசை பலருக்குத் தொற்றிக்கொண்டது. அந்த ஆசையோடு ஆசையாக இந்தக் கல்செடியும் பல வீடுகளுக்குள் நுழைந்தது. நுழைந்ததில் எத்தனை பிழைத்தது? வாங்கியவர்களைக் கேட்டுப் பாருங்கள். "நல்லாத்தான் பார்த்துக்கிட்டேன், தினமும் தண்ணி ஊத்தினேன், திடீர்னு அழுகிப்போச்சு" என்பார்கள்.

தினமும் தண்ணீர் ஊற்றினேன் என்கிறார்களே, அங்கேதான் கோளாறு. கவனிப்பார் இல்லாமல் செத்த கல்செடி நம் ஊரில் குறைவு. கவனிப்பு மிகுந்து செத்தவைதான் அதிகம். ஏன் அப்படி? இந்தச் செடி பருவத்தை நம்பி வாழ்வது. நம் ஊரிலோ பருவம் என்று ஒன்று இல்லை. ஜனவரியும் ஜூலையும் நமக்கு ஒன்றுதான். அப்படியானால் பருவம் இல்லாத ஊரில் இந்தச் செடிக்குப் பருவமாக யார் இருப்பது? வளர்ப்பவர்தான் இருக்க வேண்டும். இன்று நான் சொல்ல வந்தது இதுதான். இனி வருவதெல்லாம் இதற்கான விளக்கம்.

முதலில் இந்தச் செடியின் சொந்த ஊருக்குப் போய் வருவோம், வாருங்கள்.

ஆண்டு 1811. தென்னாப்பிரிக்காவின் உட்பகுதியில், ஆரஞ்சு ஆற்றை ஒட்டிய வறண்ட நிலத்தில், இன்று பிரீஸ்கா என்று அழைக்கப்படும் ஊருக்கு அருகே ஒரு மாட்டு வண்டி போய்க்கொண்டிருக்கிறது. அதில் வில்லியம் ஜான் பர்ச்செல் என்ற ஆங்கிலேயர். செடி, விதை, பறவை, விலங்கு என்று கண்ணில் பட்டதையெல்லாம் சேகரித்தவர். அந்தப் பயணம் முடிந்தபோது அவர் கையில் ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்ட மாதிரிகள் இருந்தன. வரிக்குதிரையில் ஒரு வகை இன்றும் அவர் பெயரால் வழங்குகிறது. எதையும் தப்பவிடாத கண். அந்தக் கண்ணையே ஒரு செடி ஏமாற்றியது.

கல் நிறைந்த தரையில் விநோதமான உருவத்தில் ஒரு கூழாங்கல் கிடக்கிறதே என்று குனிந்து எடுத்தார். கைக்கு வந்த பிறகுதான் தெரிந்தது, அது கல் அல்ல, சதைப்பற்று நிறைந்த செடி என்று. 1822இல் வெளிவந்த தம் பயண நூலில் அவர் இதை எழுதினார். எழுதியதோடு விடவில்லை. ஆடுமாடும் காட்டு விலங்கும் கண்டுகொள்ளாமல் கடந்து போவதற்காகவே இதற்கு இந்த உருவம் அமைந்திருக்கலாம் என்றும் ஊகித்தார். உயிர்களின் தோற்றம் பற்றி டார்வின் எழுதிய நூல் 1859இல்தான் வந்தது. அதற்கு முப்பத்தேழு ஆண்டுகளுக்கு முன்பே, ஒரு செடி கல்லைப் போல் இருப்பதற்குக் காரணம் இருக்க வேண்டும் என்று ஒரு மனிதர் யோசித்திருக்கிறார். யோசிக்க வைத்தது எது? காசளவு செடி!

அதற்குப் பின் ஒரு நூறாண்டு ஓடியது. 1922இல் என். இ. பிரவுன் என்ற தாவரவியலாளர் இவற்றுக்கென்று லித்தோப்ஸ் என்ற தனிப் பேரினத்தை வகுத்தார். இன்று இதில் ஏறத்தாழ நாற்பது இனங்களைச் சொல்கிறார்கள். தென்னாப்பிரிக்காவும் நமீபியாவும்தான் இவற்றின் முதன்மைத் தாயகம்.

எப்படி ஒளிகிறது இந்தச் செடி? வெள்ளைப் படிகக்கல் கிடக்கும் நிலத்தில் வளர்வது வெளிறிய நிறம் கொள்கிறது. இரும்புச் சத்து மிகுந்த பழுப்புக் கல் கிடக்கும் இடத்தில் வளர்வது பழுப்பாகிறது. செந்நிறக் கல்லுக்கிடையே வளர்வது சிவக்கிறது. நிறம் மட்டுமா? கல்லின்மேல் இருக்கும் புள்ளி, கோடு, சிறு பள்ளம், விரிசல், எல்லாம் இதன் முதுகிலும் இருக்கும். கோடை முற்றினால் உடல் சுருங்கித் தரை மட்டத்துக்கும் கீழே இறங்கிவிடும். மேலே மணல் மூடும். பக்கத்தில் நின்று தேடினாலும் கிடைக்காது.

ஒளிந்து வாழும் உயிர்களுக்கு நம் நாட்டில் பஞ்சமா என்ன? தைப்பூசத்துக்குப் பத்துமலைப் படி ஏறாதவர்கள் இந்த அரங்கில் இருக்கமாட்டார்கள். அந்தப் படிக்குப் பக்கத்திலேயே இருட்டுக் குகை இருக்கிறது. அங்கே ஒரு சிலந்தி வாழ்கிறது. அதன் அறிவியல் பெயரிலேயே பத்துமலை இருக்கிறது: லிபிஸ்டியஸ் பட்டுயென்சிஸ். 1923இல் அறிவியல் உலகுக்கு அறிமுகமானது. குகைச் சுவரில் வளை கட்டி, அதற்கு ஒரு கதவும் வைத்து, கதவின்மேல் சுற்றியுள்ள மண்ணையே பூசிக்கொண்டு உள்ளே உட்கார்ந்திருக்கும். மூடிய கதவுக்கும் பாறைக்கும் வித்தியாசம் தெரியாது. லட்சக்கணக்கான பேர் காவடியோடும் பால்குடத்தோடும் போகிற மலை. அந்த மலைக்குள் யார் கண்ணிலும் படாமல் ஒரு குடித்தனம்!

ஆனால் சிலந்தி ஓடும். இலைப்பூச்சி நகரும். ஆபத்து வந்தால் இடம் மாறிக்கொள்ளும். செடி எங்கே போகும்? முளைத்த இடத்திலேயே பிறப்பு, முளைத்த இடத்திலேயே சாவு. ஆமையும் மானும் மேய்ந்து திரியும் பாலையில், உடம்பு முழுக்கத் தண்ணீரை நிரப்பிக்கொண்டு முள்ளும் இல்லாமல் ஒரு செடி நிற்கிறது என்றால், கல்லாகத் தெரிவதைத் தவிர அதற்கு வேறு வழி ஏது?

வெளித்தோற்றம் கிடக்கட்டும். உள்ளே என்ன இருக்கிறது? அதுதான் இன்னும் பெரிய அதிசயம்.

ஒரு கல்செடியைக் கண்ணருகே வைத்துப் பாருங்கள். மேற்பரப்பு தட்டை. நடுவில் ஒரு கீறல். கீறலுக்கு இந்தப் பக்கம் ஒரு இலை, அந்தப் பக்கம் ஒரு இலை. இரண்டே இலை, அவ்வளவுதான் செடி. தண்டு கண்ணுக்குத் தெரியாது. இரண்டு இலையும் அடியில் ஒட்டிக்கொண்டு, கூம்பு போலக் குறுகி மண்ணுக்குள் இறங்கும். அதன் கீழே நீண்ட வேர். நாம் பார்ப்பது தட்டையான முகத்தை மட்டும்தான். உடம்பில் பெரும்பகுதி மண்ணுக்குள் இருக்கிறது.

மண்ணுக்குள் இருந்தால் வெயில் எப்படிக் கிடைக்கும்? வெயில் இல்லாமல் எந்தச் செடி உணவு தயாரிக்கும்? அதற்குத்தான் மேல்முகத்தில் ஜன்னல் வைத்திருக்கிறது. ஆமாம், தாவரவியலாளர்களும் ஜன்னல் என்றே சொல்கிறார்கள். முகத்தில் சில இடங்களில் பச்சையம் இருக்காது. ஒளி ஊடுருவும் திசு மட்டும் இருக்கும். அதன் வழியே இறங்கும் வெயில், உள்ளே நிறைந்திருக்கும் நீர்த்திசுவைக் கடந்து, மண்ணுக்குள் இருக்கும் இலைச் சுவரின் உட்புறத்துக்குப் போய்ச் சேரும். பச்சையம் அங்கேதான் வரிசையாக இருக்கிறது. வெளியில் வெயில் சுட்டெரிக்கும். அடியில் மென்மையான ஒளி. இங்கிலாந்தின் ஷெஃபீல்டு பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2013இல் வெளியிட்ட ஆய்வில், ஒரே இலையின் மேற்பகுதி கடும் வெயிலுக்கும் மண்ணுக்குள் இருக்கும் பகுதி நிழலுக்கும் ஏற்றபடி வேலை செய்வதைக் காட்டினார்கள். ஒரே இலையில் இரண்டு தட்பவெப்பம்!

இன்னொன்று. நம் சுங்கை வே தொழில் வட்டாரத்தில் இரவு ஷிப்ட் பார்த்தவர்கள் இங்கே எத்தனையோ பேர் இருப்பீர்கள். 1970களில் மின்னணுத் தொழிற்சாலைகள் வந்த காலத்திலிருந்து, ஊர் உறங்கும் நேரத்தில் தொழிற்சாலைப் பேருந்து ஏறிய அக்காமார்களைக் கேட்டால் அந்த வாழ்க்கை புரியும். இந்தச் செடியும் இரவு ஷிப்ட்தான். பகலில் இலைத்துளையைத் திறந்தால் இருக்கிற ஈரமெல்லாம் ஆவியாகிவிடும். அதனால் பகலில் கதவைச் சாத்திக்கொள்ளும். குளிர்ந்த இரவில் திறந்து, தேவையான கரியமில வாயுவை உள்ளே இழுத்து, அமிலமாக மாற்றிச் சேமித்து வைக்கும். மறுநாள் பகலில், சாத்திய கதவுக்குள் உட்கார்ந்து, சேமித்ததை எடுத்துச் சமைக்கும்.

அன்பர்களே, இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறோம்.

ஆண்டுக்கு ஒருமுறை இந்தச் செடி சட்டை மாற்றும். பூத்து முடிந்த பிறகு, பழைய இரண்டு இலைக்குள்ளேயே புதிதாக ஒரு ஜோடி உருவாகும். அந்தப் புது ஜோடிக்குத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது? வேரிலிருந்து அல்ல. பழைய இலையிலிருந்து. பழையது தன்னிடம் உள்ள ஈரத்தையும் சத்தையும் புதியதற்குக் கொடுத்துக்கொண்டே வரும். கொடுக்கக் கொடுக்கச் சுருங்கும். சுருங்கச் சுருங்கக் கீறல் விரியும். கடைசியில் பழையது காய்ந்த காகிதம் மாதிரி ஆகி விலகும். நடுவில் புதுச் செடி உட்கார்ந்திருக்கும். அந்த மாதங்களில் வானத்திலிருந்து ஒரு சொட்டும் வேண்டியதில்லை. தன் நீரைத் தானே குடித்து இன்னோர் உருவம் எடுத்துக்கொள்ளும்.

அந்த நேரத்தில் நாம் தண்ணீர் ஊற்றினால் என்ன ஆகும்? பழைய இலை, "நமக்குத்தான் தண்ணீர் வருகிறதே, நாம் ஏன் போக வேண்டும்?" என்று நின்றுவிடும். வற்ற வேண்டியது வற்றாது. புதியதும் நிற்கும், பழையதும் நிற்கும். ஒன்றை ஒன்று நெருக்கும். அளவுக்கு மீறிக் குடித்த இலை பக்கவாட்டில் வெடிக்கும். வெடித்த இடத்தில் பூஞ்சை ஏறும். காலையில் பார்த்தால் சட்டியில் கொழகொழவென்று ஏதோ கிடக்கும்.

பிரீஸ்காவில் இந்தத் தொல்லை இல்லை. அங்கே ஓராண்டில் பெய்யும் மழையே 300 மில்லிமீட்டருக்கும் குறைவு. நம் கோலாலம்பூரில்? ஓராண்டில் ஏறத்தாழ 2,500 மில்லிமீட்டர். பிரீஸ்காவின் ஓராண்டு மழையை நம் ஏப்ரல் மாதமோ நவம்பர் மாதமோ ஒன்றே கொட்டித் தீர்த்துவிடும். மதியம் மூன்று மணிக்கு இருட்டிக்கொண்டு வந்து, இடி இடித்து, கூட்டரசு நெடுஞ்சாலையை நிறுத்திவிட்டுப் போகிற மழை நமக்குத் தெரியாததா? அங்கே குளிர் உண்டு, கோடை உண்டு. பகல் நீளும், குறையும். நாமோ நிலநடுக்கோட்டுக்கு மூன்று பாகை வடக்கே இருக்கிறோம். ஆண்டு முழுக்கப் பன்னிரண்டு மணி நேரப் பகல். இரவிலும் புழுக்கம். செடிக்கு "இப்போது உறங்கு, இப்போது விழி" என்று சொல்ல வானத்தில் ஆளே இல்லை.

காலத்தின் இந்த வலிமையை நம் முன்னோர் வேறொரு விதத்தில் அறிந்திருந்தார்கள். ஐந்து திணைகளில் பாலைக்கு மட்டும் தனி நிலம் இல்லை. முல்லையும் குறிஞ்சியும் வேனிலின் கொடுமையில் தம் இயல்பு கெட்டுப் பாலையாகின்றன என்பது சிலப்பதிகாரம் தரும் விளக்கம். கவனியுங்கள்! மழையும் குளிரும் வந்தால் அதே நிலம் மறுபடி முல்லை, அதே நிலம் மறுபடி குறிஞ்சி. அதாவது பாலையை உண்டாக்குவது காலம்.

அந்தப் பாலையைத்தான் நாம் ஒரு சட்டிக்குள் உண்டாக்க வேண்டும். முடியுமா? முடியும். எப்படி?

முதல் வேலை, மழையைத் தடுப்பது. திறந்த வெளியில் இந்தச் செடி கிள்ளானிலும் பிழைக்காது, பிரிக்ஃபீல்ட்ஸிலும் பிழைக்காது. கூரை வேண்டும், ஆனால் வெளிச்சமும் வேண்டும். காலை வெயில் நேராக விழும் கிழக்குப் பார்த்த பால்கனி அருமையான இடம். வெளிச்சம் போதாவிட்டால் செடி தட்டையாக இருக்காது. கழுத்தை நீட்டி மேலே எழும்பும். எழும்பிய செடி கல்லாகத் தெரியாது, நீண்ட நாள் நிற்கவும் நிற்காது. காற்றோட்டமும் முக்கியம். நம் ஊர் ஈரக்காற்று தேங்கி நின்றால் பூஞ்சைக்குக் கொண்டாட்டம்.

இரண்டாவது, மண். கடையில் விற்கும் கறுப்பு மண்ணை அப்படியே போடாதீர்கள். அது நாள்கணக்கில் ஈரம் பிடித்து வைக்கும். நுரைக்கல், பெர்லைட், பருமணல், உடைந்த கல், இவைதான் பெரும்பங்கு இருக்க வேண்டும். ஊற்றிய தண்ணீர் உடனே அடித்துளை வழியே வெளியே வர வேண்டும். வேர் நீளமானது என்றேனே, அதனால் தட்டையான அலங்காரக் கிண்ணம் வேண்டாம்; ஆழமான மண்சட்டி வையுங்கள்.

மூன்றாவதுதான் பெரிய பாடம். நாள்காட்டியைப் பார்த்துத் தண்ணீர் ஊற்றாதீர்கள். செடியைப் பார்த்து ஊற்றுங்கள். "வாரத்துக்கு எத்தனை தடவை ஊற்றலாம்?" என்று கேட்காதீர்கள். அந்தக் கேள்வியே தவறு. முகத்தில் சுருக்கம் விழுந்து, தொட்டால் தளர்ந்திருந்தால், அது தாகம். கீறல் விரியாமலும் இருந்தால் காலை நேரத்தில் சட்டி நனைய ஒருமுறை ஊற்றுங்கள். பிறகு நன்றாகக் காயும்வரை விட்டுவிடுங்கள். கீறல் விரிகிறதா? உள்ளே புது இலை எட்டிப் பார்க்கிறதா? அப்படியானால் சட்டை மாற்றுகிறது. இப்போது சுருக்கம் விழுந்தாலும் தாகம் என்று நினைக்கக் கூடாது. பழைய இலை அப்படித்தான் சுருங்க வேண்டும். நிறுத்துங்கள். வாரக்கணக்கில் ஆகலாம், மாதக்கணக்கிலும் ஆகலாம். கை துடிக்கும். துடித்தாலும் நிறுத்துங்கள். பழைய இலை காகிதமாகக் காய்ந்துவிட்டதா? அப்போது மறுபடி தொடங்குங்கள்.

பார்த்தீர்களா? தாகத்தை அதுவே சொல்கிறது. வேண்டாம் என்பதையும் அதுவே சொல்கிறது. தொல்காப்பியம் செடிகொடிகளை ஓரறிவு உயிர்கள் என்று வகுத்தது. அந்த ஓரறிவு உயிர் பேசுவதைக் கேட்க ஆறறிவு படைத்த நமக்குப் பொறுமை வேண்டும்.

எந்த இனம் நம் ஊருக்குப் பொருந்தும்? ஜோகானஸ்பர்க், பிரிட்டோரியா பக்கத்துப் புல்வெளிகளில் வளர்வது லித்தோப்ஸ் லெஸ்லியை. கோடையில் மழை பெறும் நிலம் அது. லித்தோப்ஸ் ஆக்காம்பியேயும் கோடை மழை நிலத்தைச் சேர்ந்ததுதான். பழுப்பு முகம், பெரிய உடம்பு, கொஞ்சம் தாக்குப்பிடிக்கும் குணம். முதன்முதலாக வளர்ப்பவர்கள் இவற்றில் தொடங்கலாம். கடலோரப் பனிமூட்டத்தை நம்பி வாழும் நமீபிய இனங்களை இப்போதைக்கு ஆசையோடு படத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். கேமரன் மலைக்குச் சுற்றுலா போய், பிரிஞ்சாங் கள்ளித் தோட்டத்தில் கொழுகொழுவென்று இருப்பதைப் பார்த்து வாங்கி வருகிறோமே, அது கடல் மட்டத்திலிருந்து 1,500 மீட்டர் உயரக் குளிரில் வளர்ந்தது. பெட்டாலிங் ஜெயா வெக்கைக்கு இறங்கியதும் அதற்கு மூச்சு முட்டும். முதல் சில வாரம் தண்ணீர் காட்டாமல், வெயிலையும் கொஞ்சம் கொஞ்சமாகக் காட்டிப் பழக்குங்கள்.

மாணவச் செல்வங்களே, இப்போது சொன்னேனே ஆக்காம்பியே, அந்தப் பெயர் யாருடையது தெரியுமா? ஜுவானிட்டா ஆக்காம்ப் என்ற இளம்பெண்ணின் பெயர். போஸ்ட்மாஸ்பர்க் அருகே தன் அப்பாவின் பண்ணையில் 1929இல் அவர் இதைக் கண்டெடுத்தார். பெரிய பல்கலைக்கழகத்திலிருந்து யாரும் வந்து கண்டுபிடிக்கவில்லை. சொந்த நிலத்தைக் குனிந்து பார்த்த ஒரு பெண்ணின் கண்ணுக்கு அது தட்டுப்பட்டது.

இன்னொருவரையும் சொல்ல வேண்டும். டெஸ்மண்ட் கோல் என்ற பேராசிரியர். தாவரவியல் பேராசிரியர் அல்ல, மொழியியல் பேராசிரியர். ஜோகானஸ்பர்க் விட்வாட்டர்ஸ்ராண்ட் பல்கலைக்கழகத்தில் ஆப்பிரிக்க மொழிகளைக் கற்பித்தவர். சுவானா மொழிக்கு 1955இல் இலக்கண நூல் எழுதியவர். அவரும் அவர் மனைவி நவ்ரீனும் கல்செடியைத் தேடி நாடு நாடாக அலைந்து, ஏறத்தாழ 400 இடங்களில் வாழும் கூட்டங்களைப் பதிவு செய்து, ஒவ்வொன்றுக்கும் எண் கொடுத்தார்கள். இன்றும் உலகம் முழுக்கக் கல்செடி வளர்ப்பவர்கள் சட்டியில் செருகும் சீட்டில் அந்தக் கோல் எண்ணை எழுதுகிறார்கள். எதற்கு எண்? ஓரிடத்துச் செடி இன்னோரிடத்துச் செடியோடு கலந்து அடையாளம் இழந்துவிடக் கூடாது என்பதற்காக. இலக்கணம் வகுத்தவருக்குக் கல்லுக்கும் செடிக்கும் உள்ள வேற்றுமையைக் காணவும் கண் இருந்தது!

சரி, ஒளிந்தே வாழ்ந்தால் வம்சம் விருத்தியாவது எப்படி? அதற்கும் வழி வைத்திருக்கிறது. இலையுதிர் காலம் வந்தால் கீறலுக்கு நடுவிலிருந்து மொட்டு வரும். மஞ்சளோ வெள்ளையோ, பல இதழ்கள் கொண்ட பூ. மதியத்துக்குமேல் விரிந்து, பொழுது சாயும்போது மூடிக்கொள்ளும். சில சமயம் பூ செடியையே மறைத்துவிடும் அளவுக்குப் பெரிதாக இருக்கும். ஆண்டெல்லாம் யார் கண்ணிலும் படாமல் இருந்தது, அந்தச் சில நாள் மட்டும் "இதோ இருக்கிறேன்" என்று வண்டினத்தைக் கூவி அழைக்கும். தன் மகரந்தம் தனக்கு உதவாது; இன்னொரு செடியின் மகரந்தம் வேண்டும். ஒற்றைச் செடியை வாங்கி வைத்துக்கொண்டு விதை வரவில்லையே என்று வருந்திப் பயனில்லை.

இதோ என் கையில் இருப்பது அதன் உலர்ந்த காய். பட்டாணி அளவுகூட இல்லை. இறுக மூடியிருக்கிறது. வெயிலில் எத்தனை நாள் கிடந்தாலும் திறக்காது. இப்போது இதன்மேல் ஒரு சொட்டுத் தண்ணீர் விடுகிறேன். பேசிக்கொண்டே இருப்போம், நீங்கள் கண் எடுக்காமல் பாருங்கள். முதலில் நடுவில் ஒரு நட்சத்திரக் கோடு தெரியும். பிறகு ஒவ்வொரு மூடியாக வெளிப்பக்கம் மடிந்து திறக்கும். உள்ளே தூசி மாதிரி விதைகள். அடுத்த மழைத்துளி விழும் வேகத்தில் அவை தெறித்துப் பக்கத்திலேயே விழும். மழை நின்று காய் உலர்ந்தால் மறுபடி மூடிக்கொள்ளும். மீதி விதை அடுத்த மழைக்கு. காய் செத்த பொருள். ஆனால் மழை வந்துவிட்டது என்று அதற்குத் தெரிகிறது. செத்த காயே காலம் பார்த்துத் திறக்கிறது, அன்பர்களே! உயிருள்ள நாம் காலம் பார்க்காமல் தண்ணீர் ஊற்றலாமா?

இனி, கொஞ்சம் கசப்பான செய்தி. விலங்குகளிடமிருந்து தப்ப இந்தக் குடும்பத்துச் செடிகள் கற்ற வித்தை, மனிதரிடம் பலிக்கவில்லை. 2019க்குப் பிறகு தென்னாப்பிரிக்காவில் சதைப்பற்றுச் செடித் திருட்டு பெருகியது. காட்டிலிருந்து பிடுங்கப்பட்டு அதிகாரிகளிடம் சிக்கியவை மட்டுமே பத்து லட்சத்துக்கும் மேல். அவற்றில் பெரும்பாலானவை கல்செடியின் நெருங்கிய உறவான கோனோபைட்டம். ஒரு மலைச்சரிவில் மட்டுமே வாழும் இனங்கள் அதில் உண்டு. அந்தச் சரிவைச் சுரண்டி எடுத்தால் அந்த இனம் உலகத்திலேயே இல்லை. வாங்க ஆள் இருப்பதால்தானே பிடுங்குகிறான்? அந்த ஆள் எங்கே இருக்கிறார்? கைப்பேசியில் விலை பார்த்துக்கொண்டு எந்த நாட்டிலும் இருக்கலாம். நம் பக்கத்து வீட்டிலும் இருக்கலாம்.

ஆகவே வாங்கும்போது கேளுங்கள். விதையிலிருந்து வளர்த்ததா, காட்டிலிருந்து வந்ததா என்று கேளுங்கள். வெளிநாட்டிலிருந்து வரவழைக்கிறீர்களா? தாவரத் தனிமைப்படுத்தல் சட்டம் 1976இலிருந்தே நம் நாட்டில் இருக்கிறது. அனுமதி வாங்கி வரவழையுங்கள். இணையத்தில் நீல நிறக் கல்செடி விதை என்று படம் போட்டு விற்பார்கள். நீல நிறக் கல்செடி உலகத்தில் கிடையாது. நிறம் பூசியது படத்துக்கு. வீணாவது நம் பணம்.

கேட்டு வாங்க நல்ல இடம் நமக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. சுங்கை பூலோவில் சாலையோரம் வரிசையாக நாற்றங்கால்கள் இருக்கின்றனவே, அவை எப்படி வந்தன? 1930இல் அங்கே தொழுநோயாளர் குடியேற்றம் தொடங்கப்பட்டது. குடும்பத்தையும் ஊரையும் விட்டுப் பிரித்து, யார் கண்ணிலும் படாமல் அவர்களை அங்கே வைத்தார்கள். அவர்கள் மண்ணைக் கொத்தினார்கள், பூச்செடி வளர்த்தார்கள், விற்றார்கள். இன்று கிள்ளான் பள்ளத்தாக்கில் எத்தனையோ வீட்டு வாசலில் பூத்துக் குலுங்குவது அவர்கள் தொடங்கிவைத்த தொழில். கல்செடி தானாக ஒளிந்தது. அவர்களை நாம் ஒளித்து வைத்தோம். செடி வாங்கப் போகும்போது அந்த வரலாற்றையும் தெரிந்துகொண்டு போங்கள்.

"ஐயா, இவ்வளவு கட்டுப்பாடு எனக்கு ஒத்து வராது, தண்ணீர் ஊற்றாமல் என்னால் இருக்க முடியாது" என்று சொல்பவர்களும் இருப்பீர்கள். உங்களுக்கும் ஒரு செடி சொல்கிறேன். கல்செடிக்கு நம் கடற்கரையிலேயே ஒரு சொந்தம் இருக்கிறது. மலாய்க்காரர்கள் கெலாங் லாவுட் என்பார்கள். மணற்கரையில் படர்ந்து, தடித்த இலையும் ஊதா கலந்த இளஞ்சிவப்புப் பூவுமாக நிற்கும். உப்புக்காற்றைத் தாங்கும், மழையையும் தாங்கும், இலையைச் சமைத்தும் சாப்பிடுவார்கள். தமிழ்நாட்டில் வயல் ஓரம் முளைக்கும் சாரணையும் இதே குடும்பம்தான். ஆப்பிரிக்கப் பாலையில் கல்லாக உட்கார்ந்திருப்பதும், நம் கரையில் கொடியாக ஓடுவதும், ஊரில் களை என்று பிடுங்கி எறிவதும் ஒரே குலம். தண்ணீர் ஊற்றும் கை உள்ளவர்கள் அதை வளருங்கள். தண்ணீரை நிறுத்தத் தெரிந்தவர்கள் கல்செடியை வளருங்கள். அவரவர் கைக்கு ஏற்ற செடி.

பள்ளி ஆசிரியர்கள் யாரேனும் இங்கே இருந்தால் உங்களிடம் ஒரு வேண்டுகோள். வளர்ந்த செடியை வாங்காதீர்கள்; நாற்றங்கால் விதை வாங்குங்கள். தட்டில் கல்மணல் பரப்பி, மேலே தூவி, ஈரம் காயாமல் மூடி வைத்தால் ஓரிரு வாரத்தில் ஊசிமுனையளவு பச்சை தெரியும். அது பூக்க மூன்றாண்டு ஆகலாம், அதற்கு மேலும் ஆகலாம். நான்காம் ஆண்டு மாணவர் விதைத்தால் அவர் தொடக்கப் பள்ளியை விட்டுப் போகும் நேரத்தில்தான் பூக்கும். போகட்டுமே! ஒரு சட்டியை மாணவர் கையில் கொடுத்து, "இன்று தண்ணீர் ஊற்றலாமா, வேண்டாமா? செடியைப் பார்த்து நீயே முடிவு செய், ஏன் என்று எழுதி வை" என்று சொல்லுங்கள். பார்த்து, யோசித்து, காரணம் சொல்லி, முடிவு எடுக்கும் பயிற்சி இது. ஊற்றுவது எவருக்கும் வரும். எப்போது கையை எடுக்க வேண்டும் என்று அறிவதற்குத்தான் படிப்பு வேண்டும்.

பருவம் இல்லாத ஊரில் பிறந்துவிட்டோம். அதில் குறை ஒன்றும் இல்லை. ஆண்டெல்லாம் பச்சை நமக்குக் கிடைத்த கொடை. ஆனால் வேற்று நிலத்து உயிர் ஒன்றை வீட்டுக்குள் அழைத்து வந்தால், அதன் கோடைக்கும் குளிருக்கும் மழைக்கும் நாமே பொறுப்பு. அந்தப் பொறுப்பை ஏற்க மனமிருந்தால் வாங்குங்கள். இல்லையென்றால் அதை அதன் கல்லோடு விட்டுவிடுங்கள்.